தோனா ஒதீலியாவின் இருபத்தெட்டுத் தப்புகள்

அந்தா பாருங்க அண்ணாச்சி, டிரைவர் தலைக்கு மேல. 'படியில் பயனம் நொடியில் மரணம்.' பயணத்துக்கு மூணு சுழி ண வரணும். ரெண்டு சுழி போட்டு எழுதி வச்சிருக்கான். மாட்டுத்தாவணியில ஏறினதுல இருந்து என் கண்ணு அங்கயேதான் நிக்குது. நீங்க கவனிச்சீங்களா? இல்லைல்ல? யாரும் கவனிக்கிறதில்ல. கவனிக்கிறவனுக்குத்தான் பொல்லாப்பு.

கொஞ்சம் காலை நகட்டிக்கிடுங்க, இந்தப் பையை அந்தப் பக்கம் வச்சுக்கிடுறேன். சிவகாசிதானே போறீங்க? நானும் அங்கதான். எனக்குச் சும்மா உக்காந்து வர முடியாது. பிளேன்லயும் அப்படித்தான். எந்திரிச்சு எந்திரிச்சு நடந்துக்கிட்டே இருந்தேனா, பக்கத்துல இருந்த பொம்பளப்பிள்ளை வேற சீட்டு கேட்டு வாங்கிட்டுப் போயிருச்சு.

ஒண்ணு கேக்குறேன், நியாயத்தைச் சொல்லுங்க. தப்பா இருக்கிறதைத் திருத்துறது குத்தமா? அவசரப்படாதீங்க. முழுசாக் கேட்டுட்டுச் சொல்லுங்க.

என் பேரு சவுந்தரபாண்டி. பதினேழு வருசம் நம்ம ஊர்ல ஒரு பிரஸ்ல புரூஃப் பாத்தவன். டைரி, காலண்டர், பள்ளிக்கூட நோட்ஸ், கல்யாணப் பத்திரிகை எல்லாம் என் கண்ணைத் தாண்டித்தான் மிஷினுக்குப் போகும். ஒருதடவை காலண்டர் ஓட ஆரம்பிக்கிறதுக்கு அஞ்சு நிமிசம் முன்னாடி, ஆடி அமாவாசை ஒருநாள் தள்ளி விழுந்திருக்கிறதைப் பிடிச்சேன். ஊரெல்லாம் தப்பான நாள்ல தர்ப்பணம் கொடுத்திருக்கும். அன்னைக்கு மொதலாளி தோள்ல ஒரு தட்டு தட்டினாரு பாருங்க, அது இன்னும் இங்க இருக்கு.

அப்புறம் மாப்பூத்தோவுல ஒரு பிரஸ்ஸுக்கு ஆள் வேணும்னாங்க. மாப்பூத்தோன்னா மொசாம்பிக்கோட தலைநகரம். ஆப்பிரிக்காவுல, நமக்கு நேரா எதுத்த கடக்கரை மாதிரி வச்சுக்கிடுங்களேன். மொதலாளி குஜராத்திக்காரரு. கம்ப்யூட்டர்ல பக்கம் கட்டி, பிளேட்டு எடுத்து, மிஷின்ல ஏத்துற வரைக்கும் என் பொறுப்பு. போயி ஒன்பது வருசம் ஆச்சு. பாஷை போர்ச்சுக்கீசு. முன்னாடி போர்ச்சுக்கல்காரன் ஆண்ட ஊரு. பயந்துக்கிட்டுத்தான் போனேன். போனா, ஜன்னலுக்கு ஜனேலான்னு சொல்றான். மேசைக்கு மேசா. சாவிக்கு ஷாவி. அலமாரிக்கு அர்மாரியு. அட, பாதி நம்ம வீட்டுச் சாமானா இருக்கேன்னு தைரியம் வந்துருச்சு.

அங்கதான் இந்தப் பத்திரிகை. பேரு 'பொந்த்தெ'. பாலம்னு அர்த்தம். மூணு மாசத்துக்கு ஒண்ணு, அறுபத்துநாலு பக்கம். மொசாம்பிக்குக்கும் பிரேசிலுக்கும் நடுவுல ஒரு கலை இலக்கியப் பத்திரிகை. ரெண்டு நாட்டையும் ஆண்டவன் ஒருத்தனே. மொசாம்பிக்ல இருந்து சங்கிலி போட்டு ஆளுகளைப் பிடிச்சு பிரேசில் கரும்புக் காட்டுக்குக் கொண்டுபோனதும் அவன்தான். அதனால ரெண்டு பக்கமும் ஒரே பாஷை பேசுது, ஆனா ஒருத்தரை ஒருத்தர் தெரியாது. அவங்க கதை இவங்களுக்கும், இவங்க பாட்டு அவங்களுக்கும் போகணும்னு ரெண்டு பேர் சேந்து ஆரம்பிச்சாங்க. முப்பத்திரண்டு பக்கம் பிரேசில்ல சல்வதோருங்கிற ஊர்ல இருந்து எவரால்டோன்னு ஒருத்தரு அனுப்புவாரு. மிச்சம் முப்பத்திரண்டு மாப்பூத்தோவுல தோனா செலஸ்தெ. தோனான்னா நம்ம 'அம்மா' மாதிரி, மரியாதைக்குப் பேருக்கு முன்னாடி போடுறது. அச்சு எங்க பிரஸ்ல.

பேருலயே வம்பு இருக்கு பாருங்க. தோனா செலஸ்தெ 'பொந்த்தெ'ன்னு சொல்லும். எவரால்டோ போன்ல 'போஞ்சி'ம்பாரு. எழுத்து ஒண்ணுதான். மொத நாளே எனக்குத் தலை சுத்துச்சு.

தோனா செலஸ்தெக்கு அறுவது வயசு இருக்கும். ரிட்டயர்டு டீச்சர். பூப்போட்ட துணியை இடுப்புல சுத்திக்கிட்டு, பஸ் ஏறி, கையில ஒரு பை நெறைய வறுத்த நிலக்கடலையோட வரும். என் பக்கத்துல ஸ்டூலைப் போட்டு உக்காந்து ஒவ்வொரு பக்கத்தையும் சத்தம்போட்டுப் படிக்கும். நான் திரையில கூடவே கண்ணை ஓட்டுவேன். அறுபத்துநாலு பக்கம் படிச்சு முடிக்க மூணு நாளாகும். அப்படித்தான் எனக்கு அந்தப் பாஷை வந்துச்சு. பேச்சு சுமாருதான். எழுத்து மட்டும் துல்லியம். அந்தம்மாவுக்கே சந்தேகம் வந்தா என்னைத்தான் கேக்கும். சென்யோர் பாண்டி, இதுக்கு ஒரு எஸ்ஸா ரெண்டு எஸ்ஸான்னு. பொய் சொல்லலை அண்ணாச்சி.

திருமங்கலம் வந்துருச்சா? டீ குடிக்க இறங்குவானா? நிக்க மாட்டான் போல. சரி.

அதுல எனக்கு ஆறாத ஒரு விசயம் இருந்துச்சு. பிரேசில் எழுத்து ஒரு மாதிரி, மாப்பூத்தோ எழுத்து ஒரு மாதிரி. அந்தோனியோன்னு ஒரு பேரு இருக்குன்னு வைங்க. மாப்பூத்தோக்காரங்க ஓ மேல சாஞ்ச கோடு போடுவாங்க. பிரேசில்காரங்க அதே ஓ மேல கூரை போடுவாங்க. உண்மைங்கிறதுக்கு மாப்பூத்தோவுல 'ஃபக்தோ'. பிரேசில்ல நடு எழுத்தை முழுங்கிட்டு 'ஃபத்தோ'. அதே ஃபத்தோவுக்கு மாப்பூத்தோவுல கோட்டு சூட்டுன்னு அர்த்தம். அவரு 'இது உண்மை'ன்னு எழுதியிருப்பாரு, மாப்பூத்தோவுல படிக்கிறவன் 'இது கோட்டு சூட்டு'ன்னு படிப்பான். ஒரே பத்திரிகை. ஏழாம் பக்கத்துல ஒரு அந்தோனியோ, எட்டாம் பக்கத்துல இன்னொரு அந்தோனியோ. பாக்குறவன் அச்சடிச்சவனைத்தானே காறித் துப்புவான்? எதாவது ஒண்ணா மாத்திருவோம்னு எத்தனையோ தடவை சொன்னேன். தோனா செலஸ்தெ ஒத்துக்கிடவே இல்ல. அவங்கவங்க எழுத்து அவங்கவங்களுக்குன்னு மொத இதழ் போடும்போதே பேசி வச்சதாம். பாலம்னா ரெண்டு கரையும் இருக்கணுமில்லன்னு சிரிக்கும். சிரிச்சா எழுத்து சரியாயிருமா?

எட்டு இதழ் அப்படியே பல்லைக் கடிச்சுக்கிட்டுப் போட்டேன். ஒன்பதாவது இதழ்லதான் வந்துச்சு.

அந்தச் சமயம் தோனா செலஸ்தெக்கு மலேரியா. ஆஸ்பத்திரியில படுத்திருச்சு. எவரால்டோ பக்கங்களை அனுப்பிட்டாரு. அந்த இதழ் ஒரு குறிப்பிட்ட தேதிக்குள்ள சல்வதோர் போய்ச் சேந்தாகணும். அவரோட அம்மா இறந்து வருசம் திரும்புது, கோயில்ல பூசை. வர்றவங்க எல்லாருக்கும் கையில ஒண்ணு கொடுக்கணும். தோனா செலஸ்தெ படுக்கையில இருந்து போன் போட்டுச்சு. குரலே இல்ல. வந்ததை அப்படியே ஏத்திருங்க சென்யோர் பாண்டின்னு சொல்லுச்சு.

அப்படியேன்னா என்ன அண்ணாச்சி அர்த்தம்? தப்போடயா? பதினேழு வருசம் புரூஃப் பாத்தவன்கிட்ட அப்படியேன்னா, வழக்கம்போல சுத்தமா பாத்து ஏத்துன்னுதானே அர்த்தம்? நான் அப்படித்தான் எடுத்துக்கிட்டேன். அந்தம்மா எந்திரிச்சு வந்து பாக்கையில அசந்துபோகணும்னு நெனச்சேன். ரெண்டு நாள் உக்காந்து பிரேசில் பக்கம் முப்பத்திரண்டையும் மாப்பூத்தோ எழுத்துக்கு மாத்தினேன். கூரையெல்லாம் எடுத்துட்டு கோடு போட்டேன். கோட்டு சூட்டையெல்லாம் உண்மையாக்கினேன்.

அதுல பத்தொம்பதாம் பக்கம் எவரால்டோவோட கட்டுரை. அவங்க அம்மாவைப் பத்தி. பேரு தோனா ஒதீலியா. கட்டுரைக்கு நடுவுல, கட்டம் போட்டு, அந்தம்மா மகனுக்கு எழுதின ஒரு கடுதாசி. சின்னதுதான், பதினாலு வரி. ஐயோ, அதைப் பாக்கணுமே. வரிக்கு ரெண்டு தப்பு. ஒருமைக்குப் பன்மை, பன்மைக்கு ஒருமை, பெரிய எழுத்து வர்ற இடத்துல சின்னது. மகன்னு எழுதவே தெரியல. மகனுக்கு 'ஃபில்யோ'. இந்தம்மா 'ஃபியோ'ன்னு எழுதியிருக்கு. ஃபியோன்னா நூல். தைக்கிற நூல். 'என் நூலே, நல்லா இருக்கியா'ன்னு எழுதினா எப்படி? செத்துப்போன ஒரு பொம்பளையோட மானம் கப்பலேறி ரெண்டு நாட்டுக்கும் போகப்போகுது, மகன்காரனுக்கு அதைப் பாக்க நேரமில்லன்னு எனக்கு வருத்தமாப்போச்சு. ஒவ்வொண்ணா திருத்தினேன். இருபத்தெட்டுத் தப்பு. நூலையெல்லாம் மகனாக்கினேன். முடிச்சுட்டுப் படிச்சுப் பாத்தா, பெரிய படிப்புப் படிச்சவங்க எழுதின கடுதாசி மாதிரி இருந்துச்சு. எனக்கே நெஞ்சு நெறஞ்சுபோச்சு.

ஆயிரத்து இருநூறு பிரதி. பாதி சல்வதோருக்குப் பிளேன்ல போச்சு. தேதிக்கு ரெண்டு நாள் முன்னாடியே போய்ச் சேந்துருச்சு. அதுக்கு யாராவது ஒரு வார்த்தை நன்றி சொன்னாங்களான்னு கேளுங்க.

பத்து நாள் கழிச்சு தோனா செலஸ்தெ வந்துச்சு. ஆளு பாதியா எளச்சிருந்துச்சு. நிலக்கடலைப் பை இல்ல. ஸ்டூலை இழுத்துப் போட்டு உக்காரலை, நின்னுக்கிட்டே இருந்துச்சு. கையில ஒன்பதாவது இதழ், பத்தொம்பதாம் பக்கம் திறந்திருக்கு.

"நீங்க கட்டுரையைப் படிச்சீங்களா?"ன்னு கேட்டுச்சு.

ஒரு எழுத்து விடாம பாத்தேன் தோனா செலஸ்தென்னு சொன்னேன்.

"பாத்தீங்களான்னு கேக்கலை. படிச்சீங்களா?"

புரூஃப் பாக்குறவன் படிக்கக் கூடாது அண்ணாச்சி. அதுதான் தொழில். படிச்சா கதையில மனசு போயிரும், எழுத்து கண்ணுக்குத் தெரியாது. எனக்குச் சொல்லிக்கொடுத்ததே அப்படித்தான். இதை அந்தம்மாகிட்டச் சொன்னேன். கேட்டுக்கிட்டு நின்னுச்சு. அப்புறம் மெதுவா அதுவே படிச்சுக் காட்டுச்சு.

விசயம் என்னன்னா, தோனா ஒதீலியா தையல்காரம்மா. எழுத்துன்னா என்னன்னே தெரியாது. அறுபத்தாறு வயசுல முதியோர் வகுப்புல சேந்து படிச்சு, மகனுக்கு வாழ்க்கையில ஒரே ஒரு கடுதாசி எழுதியிருக்கு. அவங்க பேசுற பேச்சுல மகனைச் சொல்றதும் நூலைச் சொல்றதும் ஒரே சத்தமாம். காதுல விழுந்த மாதிரியே எழுதிருச்சு. எவரால்டோ கட்டுரை பூராவும் அதுதான். எங்க அம்மா என்னை நூலுன்னு எழுதினா, அவ சொன்னது சரிதான், அவ ஊசி இழுத்த பக்கமெல்லாம் போன நூலுதான் நான்னு எழுதியிருக்காரு. கடைசிப் பாராவுல, 'மேலே அவள் எழுதியிருக்கிற அந்த வார்த்தையைப் பாருங்கள், அதைத் திருத்த எனக்குக் கை வராது'ன்னு முடிச்சிருக்காரு. மேல பாத்தா அந்த வார்த்தை இல்ல. நான் எடுத்துட்டேனே.

கோயில்ல பூசை முடிஞ்சு எல்லாருக்கும் கொடுத்திருக்காங்க. தோனா ஒதீலியாகூடச் சேந்து அந்த வகுப்புல படிச்ச கெழவிகள் அஞ்சாறு பேர் வந்திருக்காங்க. எழுத்துக்கூட்டிப் படிச்சுட்டு, இது ஒதீலியா எழுதினது இல்லையே, அவ இவ்வளவு நல்லா எழுத மாட்டாளேன்னு ஒருத்தி சொல்லியிருக்கா. எவரால்டோ அப்பத்தான் பக்கத்தைத் திறந்து பாத்திருக்காரு.

இப்ப நீங்க என்னை அப்படிப் பாக்காதீங்க. எனக்கு யாரும் சொல்லலையே. கட்டத்துக்குக் கீழ ஒரு வரி, 'தப்புகள் அம்மாவுடையவை, தொட வேண்டாம்'னு போட்டிருந்தா நான் எதுக்குத் தொடப்போறேன்?

சரி, அதுவும் போகட்டும். என் ஆத்தாமை அது இல்ல. அதுக்கப்புறம் நடந்ததுதான்.

தோனா செலஸ்தெ எவரால்டோவுக்கு என்ன எழுதுச்சு தெரியுமா? தானேதான் திருத்தினதா எழுதிருச்சு. காய்ச்சல் மயக்கத்துல, டீச்சர் புத்தியில, கைபாட்டுக்குத் திருத்திருச்சுன்னு. எனக்கு எப்படித் தெரியும்னா, எவரால்டோ அதுக்குப் பதில் போடும்போது பிரஸ்ஸோட மெயிலுக்கும் ஒரு நகல் அனுப்பியிருந்தாரு. 'செலஸ்தெ, உன்கிட்ட இதை எதிர்பார்க்கலை. எங்க அம்மாவைக் கடைசி பெஞ்சுப் பிள்ளை மாதிரி சிவப்பு மையால திருத்திட்டே. இனி நம்ம ரெண்டு பேருக்கும் நடுவுல பாலம் எதுவும் வேண்டாம்.' இவ்வளவுதான். பத்தாவது இதழை அவரு அங்கேயே தனியா அச்சடிச்சு, அதோட மூடிருவாராம்.

பாத்தீங்களா அநியாயத்தை? திருத்தினது நான். ரெண்டு நாள் கண்ணு பூத்துப்போய் இருபத்தெட்டையும் ஒண்ணு ஒண்ணா தேடி எடுத்தது நான். அந்தம்மா நோகாம 'நான்தான்'னு சொல்லிருச்சு. அந்தம்மாவுக்கு அந்த அளவு உன்னிப்பே கிடையாது. ஒரு பக்கத்துக்கு மூணு தப்பு விட்டுரும். எனக்கு எப்படி இருக்கும்? அந்தம்மாகிட்டப் போய்க் கேட்டேன், ஏன் அப்படி எழுதினீங்கன்னு. உங்க மொதலாளிக்கும் அந்த மெயில் போகுமில்ல சென்யோர் பாண்டின்னு மட்டும் சொல்லுச்சு. மொதலாளிக்குப் போனா என்ன? அவருக்கு இலக்கணம் ஒண்ணும் தெரியாது.

கடலை வேணுமா? திருமங்கலத்துல ஏறின அம்மா கொடுத்துச்சு. நான் இப்பல்லாம் சாப்பிடுறதில்ல. நீங்க சாப்பிடுங்க.

அதுக்கப்புறம் எனக்கு ஒரு வேலையும் ஓடலை. பள்ளிக்கூடப் பரீட்சைத் தாள் வந்துச்சு, சோப்பு டப்பா அட்டை வந்துச்சு, எல்லாம் ஒழுங்காத்தான் போட்டேன். ஆனா உக்கார முடியல. எந்திரிச்சு மிஷின்கிட்டப் போவேன், திரும்பி வருவேன். அந்த ஸ்டூலு காலியா கிடந்துச்சு, அதைக் கொண்டுபோய்ப் பைண்டிங்ல போட்டேன். மறுநாள் நானே எடுத்துட்டு வந்து பழைய இடத்துல வச்சேன். ஊர்ல இருந்து வீட்ல போன் பண்ணினா, என்ன குரலு ஒருமாதிரி இருக்குன்னு கேப்பா. புழுக்கம்னு சொல்லிருவேன். மூணு வாரம் இப்படி. கடைசியில, செஞ்சவன் பேரு தெரியாமப் போறது நியாயமில்லன்னு எவரால்டோவுக்கு நானே ஒரு கடுதாசி எழுதினேன். போர்ச்சுக்கீசுல. என் ஆயுசுல அந்தப் பாஷையில சொந்தமா எழுதின மொத கடுதாசி.

என்ன எழுதினேன்னு அப்படியே சொல்றேன். 'ஐயா, உங்கள் தாயார் கடிதத்தைத் திருத்தியது தோனா செலஸ்தெ அல்ல. நான். என் பெயர் சவுந்தரபாண்டி. ஊர் சிவகாசி. அவர் அப்போது ஆஸ்பத்திரியில் இருந்தார். திருத்துவது என் தொழில், அதனால் மன்னிப்புக் கேட்கவில்லை. எங்கள் அம்மாவுக்கும் எழுதத் தெரியாது. தெரிந்திருந்து, எனக்கு ஒரு கடிதம் தப்புத்தப்பாக எழுதியிருந்தால், அதையும் திருத்தித்தான் வைத்திருப்பேன். ஆனால் அப்படி ஒன்று என்னிடம் இல்லை.' அவ்வளவுதான். அம்மாவைப் பத்தி எதுக்கு எழுதினேன்னு எனக்கே தெரியல. பக்கத்துல இடம் காலியா இருந்துச்சு, எழுதிட்டேன். மறுபடி படிச்சா அனுப்ப மாட்டேன்னு தெரியும். படிக்காம அனுப்பிட்டேன்.

பதில் வரலை. ரெண்டு மாசம் கழிச்சு பத்தாவது இதழ் வந்துச்சு, சல்வதோர்ல அச்சடிச்சது. காகிதம் மட்டம். தோனா செலஸ்தெக்கு ரெண்டு பிரதி அனுப்பியிருந்தாரு. அந்தம்மா ஒண்ணை எடுத்துக்கிட்டு நேரா பிரஸ்ஸுக்கு வந்துச்சு. வந்து, ஸ்டூல்ல உக்காந்துச்சு. மொதப் பக்கத்தைத் திறந்து, பழையபடி சத்தமா படிக்க ஆரம்பிச்சுச்சு.

என் கடுதாசி அண்ணாச்சி. மொதப் பக்கத்துல. கட்டம் போட்டு.

அதுல இருந்த தப்பெல்லாம் அப்படியே. ஒண்ணைக்கூடத் தொடலை. அந்தம்மா வாயால வரும்போதுதான் எனக்கு ஒவ்வொண்ணா காதுல ஏறுது. ஆணுக்குப் பெண்பால் போட்டிருக்கேன். நேத்துக்கு நாளை போட்டிருக்கேன். 'கேக்கிறேன்'ங்கிறதுக்கு அந்தப் பாஷையில சீங்கிற எழுத்துக்குக் கீழ ஒரு வால் வரணும். நான் வாலை விட்டுட்டு எஸ் போட்டிருக்கேன். அப்படிப் போட்டா எடை போடுறதுன்னு ஆயிரும். 'மன்னிப்புக் கேட்கவில்லை'ன்னு எழுதினவன், 'மன்னிப்பை எடை போடவில்லை'ன்னு எழுதி வச்சிருக்கேன். பதினேழு வருசம் புரூஃப் பாத்தவன். கீழ என் பேரு, என் ஊரு. அதுக்குக் கீழ எவரால்டோ ஒரே ஒரு வரி போட்டிருந்தாரு: எழுதியவர் எழுதியபடியே.

ரெண்டு நாட்டுக்காரனும் படிச்சு என்ன நெனச்சிருப்பான் சொல்லுங்க. என்னைப் பழி வாங்கிட்டாருன்னு தோனா செலஸ்தெகிட்டச் சொன்னேன். அந்தம்மா கண்ணாடியைக் கழட்டித் துடைச்சுக்கிட்டே இருந்துச்சு. ரொம்ப நேரம் துடைச்சுச்சு. அப்புறம், எவரால்டோ அன்னைக்குக் காலையில போன் பண்ணினதாவும், பதினோராவது இதழுக்குப் பக்கம் அனுப்பப்போறதாவும், அச்சு சென்யோர் பாண்டிதான் பாக்கணும்னு சொன்னதாவும் சொல்லுச்சு.

பழி வாங்கினவன் எதுக்கு மறுபடி நம்மகிட்ட வேலை கொடுக்கிறான்? எனக்கு அது பிடிபடவே இல்ல. காகிதம் எங்ககிட்ட நல்லா இருக்குங்கிறதுக்காக இருக்கும்.

விருதுநகர் தாண்டிட்டோமா? இந்த ஜன்னலைக் கொஞ்சம் ஏத்திக்கிடுறேன், காத்தே இல்ல.

பதினோராவது இதழ் போன மாசம்தான் வந்துச்சு. ஆனா என் கண்ணு கெட்டுப்போச்சு அண்ணாச்சி. முன்னாடி எனக்குத் தப்புன்னா தப்பு. பாத்ததும் கை போயிரும். இப்ப ஒரு தப்பைப் பாத்தா, இது யாரோட தப்புன்னு தோணுது. கட்டுரை பூராவையும் படிக்க வேண்டியதா இருக்கு. படிக்க ஆரம்பிச்சா எழுத்து கண்ணுக்குத் தெரியல. அரை நாள்ல முடியிற வேலை ரெண்டு நாளாகுது. மிஷின் சூடேறி நிக்கும், நான் 'இருங்க, இருங்க'ம்பேன்.

அதுல இருபத்துமூணாம் பக்கத்துல ஒரு பேட்டி. சல்வதோர்ல கடல் வத்துறப்போ சேத்துல இறங்கிச் சிப்பி பொறுக்குற ஒரு பொம்பளை. பேரு எடிலெயூசான்னு போட்டிருந்துச்சு. ஒரு வரியில, 'நாங்க போகுது'ன்னு இருக்கு. 'நாங்க போறோம்'னு வரணும். பிளேட்டு எடுத்தாச்சு, மிஷின்ல ஏத்தியாச்சு, அப்பத்தான் பாத்தேன். பழைய சவுந்தரபாண்டியா இருந்தா சத்தமில்லாம வேற பிளேட்டு எடுத்திருப்பான். நான் மிஷினை நிறுத்திட்டேன். தோனா செலஸ்தெக்குப் போன் போட்டு, இது தப்பா, இல்ல அந்தப் பொம்பளை சொன்னதேதானான்னு கேட்டேன். அந்தம்மா, எனக்குத் தெரியலையே, எவரால்டோவைக் கேக்கணும்னுச்சு. எவரால்டோ, எனக்கு ஞாபகமில்லையே, அவங்களைத்தான் கேக்கணும்னுட்டாரு. அவங்க இருக்கிறது படகுல போற ஊரு.

ரெண்டு நாள் மிஷின் நின்னுச்சு. மொதலாளி வந்து குஜராத்தியில, இந்தியில, போர்ச்சுக்கீசுல, மூணுலயும் கத்தினாரு. அடுத்த வேலை வரிசையில நிக்குது. சொன்னேன், பதில் வந்ததும் ஓட்டிருவேன், இல்லைன்னா நீங்களே ஓட்டிக்கிடுங்கன்னு. மிஷின்மேனுங்க எல்லாம் வேடிக்கை பாக்குறாங்க. அதுக்குத்தான் இப்ப எனக்கு ஒரு மாசம் லீவு, ஊருக்குப் போய்த் தலையைச் சரி பண்ணிட்டு வான்னு டிக்கெட் போட்டு அனுப்பியிருக்காரு. வீட்லகூட இன்னும் காரணம் சொல்லலை.

மூணாம் நாள் மத்தியானம் தோனா செலஸ்தெ போனைத் தூக்கிக்கிட்டு வேகவேகமா உள்ள வந்துச்சு. ஸ்பீக்கர்ல போட்டு மேசை மேல வச்சுச்சு. எவரால்டோ அந்த ஊருக்கே போயிட்டாரு. பக்கத்துல அந்தப் பொம்பளை இருக்குன்னாரு. பேட்டியோட பிரிண்டை அதோட கையில கொடுத்திருக்காரு. 'போகுது'ங்கிற வரியை அவரு படிச்சுக் காட்டினதும், நான் அப்படித்தான் சொன்னேன், அதுல என்ன இருக்கு, எங்க ஊர்ல எல்லாரும் அப்படித்தான் சொல்லுவோம்னு சொல்லிருச்சாம். இதுக்காடா ரெண்டு நாள் மிஷின் நின்னுச்சுன்னு மொதலாளி தலையில கை வச்சாரு.

அப்ப போன்ல ஒரு கட்டைக் குரலு குறுக்க வந்துச்சு. "அங்க யாரு அச்சடிக்கிறது?"

நான்தாம்மான்னேன்.

"எனக்கு எழுதப் படிக்கத் தெரிஞ்சது ஒரே ஒரு வார்த்தைதான். என் பேரு. அதை இதுல தப்பா போட்டு வச்சிருக்கீங்களே."

பாத்தா, எடிலெயூசா இல்லையாம். எட்லெயூசாவாம். நடுவுல ஒரு 'இ' கூடுதலா விழுந்திருக்கு. எவரால்டோ டைப் அடிக்கையில, ஊருல எல்லாரும் எழுதுற மாதிரி விரல் பழக்கத்துக்குப் போட்டுருச்சாம். தோனா செலஸ்தெ படிச்சிருக்கு, நான் நாலு தடவை பாத்திருக்கேன், ஒருத்தர் கண்ணுலயும் படலை. எப்படிப் படும்? பேருல தப்பு இருக்குன்னு பேருக்காரிக்குத்தானே தெரியும்?

கம்ப்யூட்டர்ல போய் அந்தப் பக்கத்தைத் திறந்து 'இ'யை எடுத்தேன். பேட்டியில ஆறு இடத்துல இருந்துச்சு, ஆறையும் எடுத்தேன். பிளேட்டு எடுக்கப் போனவன் நின்னுட்டேன். திரும்பி வந்து போன்கிட்டக் குனிஞ்சு, அம்மா, ஒருதடவை நீங்களே பாத்துருங்க, நான் எழுத்தெழுத்தா சொல்றேன்னேன். மொதலாளி வாட்சைப் பாக்குறாரு. நான் ஒவ்வொரு எழுத்தா சொல்லச் சொல்ல, அந்தப் பக்கம் இருந்து 'சிம்', 'சிம்'னு பதில் வருது. ஆமாம்னு அர்த்தம். அந்தப் பாஷையில அந்தப் பேரு ஏழு எழுத்து. பின்னால அலைச் சத்தம் கேக்குது. ஆறு எழுத்துக்கு 'சிம்' சொன்ன பொம்பளை ஏழாவது எழுத்துக்குச் சொல்லலை. லைன் கட்டாயிருச்சோன்னு நெனச்சேன்.

அப்புறம் தன்னோட பேரை முழுசா, கூட்டமா நிக்கிற எடத்துல ஆளைக் கூப்பிடுற மாதிரி, சத்தமா ஒருதடவை சொல்லுச்சு.

நான் போய் மிஷினை ஓட விட்டேன்.